வீட்டுக் கடன்: தவணை தெரிகிறது, மொத்தம் தெரிகிறதா?

  

அல்லாஹ்வைப் புகழ்ந்து, கண்மணி நாயகம் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் மீது ஸலவாத் கூறி, இந்த ஜும்ஆவில் வீட்டுக் கடன் பற்றிப் பேசுகிறேன். வட்டி ஹராம் என்று நம் எல்லோருக்கும் தெரியும், அதைச் சொல்வதற்கு ஒரு ஜும்ஆ தேவையில்லை. அந்த ஹராம் எப்படி வேலை செய்கிறது, ஒரு குடும்பத்தின் 20 வருடத்தை எப்படித் தின்கிறது என்பது நமக்குத் தெரியவில்லை. தெரிந்திருந்தால் இத்தனை பேர் இவ்வளவு எளிதாகக் கையெழுத்துப் போட மாட்டார்கள்.

"ஹஜ்ரத், வீட்டு லோன் எடுக்கலாமா?" என்று கேட்பவரிடம் நான் திருப்பி ஒன்று கேட்பேன். "மொத்தம் எவ்வளவு கட்டப் போகிறீர்கள்?" பெரும்பாலும் வரும் பதில், "மாசம் இருபத்திரண்டாயிரம் சொச்சம்" என்பதுதான். நான் கேட்டது மொத்தம், அவர் சொன்னது தவணை. ஸ்ரீவில்லிபுத்தூரில் பால்கோவா வாங்கப் போனால் கிலோ என்ன விலை என்று கேட்கிறோம். அரைக் கிலோ பால்கோவாவுக்கு இருக்கும் விசாரிப்பு, வாழ்நாளின் மிகப் பெரிய வியாபாரத்தில் நம்மிடம் இல்லை.

வாருங்கள், கணக்கைப் போடுவோம். ராஜபாளையத்தில் வீடு கட்ட 25 லட்ச ரூபாய் கடன், வருடத்துக்கு 9 சதவீத வட்டி, 20 வருடத் தவணை என்று வைத்துக்கொள்ளுங்கள். நம் ஊர் வழக்கில் இதை "முக்கால் வட்டி" என்பார்கள். நூறு ரூபாய்க்கு மாதம் 75 பைசா. கடைத்தெருவில் இரண்டு வட்டி, மூன்று வட்டி, மீட்டர் வட்டி என்று கேட்டுப் பழகிய காதுக்கு முக்கால் வட்டி தர்மம் போலத் தெரிகிறது. ஏமாற்றம் தொடங்குவது இங்கேதான்.

மாதத் தவணை 22,493 ரூபாய். 240 மாதம் கட்டினால் மொத்தம் ஏறத்தாழ 53 லட்சத்து 98 ஆயிரம். வாங்கியது 25 லட்சம். வட்டி மட்டும் 28 லட்சத்து 98 ஆயிரம். ஒரு வீடு உங்களுக்குக் கட்டுகிறீர்கள், ஒரு வீட்டுக்கும் மேலான பணத்தைக் கடன் கொடுத்தவருக்குக் கட்டுகிறீர்கள்.

முதல் மாதம் நீங்கள் கட்டும் 22,493 ரூபாயில் 18,750 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 3,743 ரூபாய். ஐந்து வருடம் ஒரு தவணையும் தவறாமல் கட்டுகிறீர்கள். பதின்மூன்றரை லட்சம் கைவிட்டுப் போயிருக்கும். "பாதி முடிந்திருக்கும்" என்று நினைத்து பாக்கி கேட்டால் 22 லட்சத்து 17 ஆயிரம் என்பார்கள். பத்தரை லட்சத்துக்கும் மேல் வட்டியாகப் போயிருக்கிறது, அசலில் கழிந்தது மூன்று லட்சம்கூட இல்லை. அசலில் பாதி எப்போது முடிகிறது தெரியுமா? 14 வருடம் கழித்து! முப்பத்தைந்து வயதில் மில் ஷிப்டுக்குப் போய்க்கொண்டே கடன் எடுத்தவருக்கு அப்போது நாற்பத்தொன்பது. மகள் கல்யாண வயதுக்கு வந்திருப்பாள், வீடு இன்னும் பாதி அடமானத்தில்.

இதில் யாரும் கணக்கை மாற்றி எழுதவில்லை. பாக்கி அதிகமாக இருக்கும் முதல் வருடங்களில் வட்டியும் அதிகம், அவ்வளவுதான். "தவணை பாரமாக இருக்கிறதா, 30 வருடமாக்கித் தருகிறோம்" என்பார்கள். தவணை 20,116 ஆகும், மாதம் 2,377 ரூபாய் குறைகிறது. மொத்த வட்டியோ 47 லட்சத்தைத் தாண்டுகிறது. அந்தச் சலுகையின் விலை 18 லட்சத்துக்கும் மேல்.

இந்த இடத்தில் குர்ஆனை எடுத்துப் பாருங்கள். அல்பகரா அத்தியாயத்தின் 275-வது வசனத்தில் வியாபாரமும் வட்டியும் ஒன்றுதானே என்று வாதிட்டவர்களைக் குறிப்பிட்டு, வியாபாரத்தை ஆகுமாக்கி வட்டியைத் தடுத்ததாக அல்லாஹ் அறிவிக்கிறான். 279-வது வசனத்தில் கடன் கொடுத்தவருக்கு அவருடைய மூலதனம் மட்டுமே உரியது என்று தீர்த்துவிடுகிறான். "பன்மடங்காகப் பெருகும் வட்டிதானே ஹராம், முக்கால் வட்டி என்ன பெரிது?" என்று ஆலு இம்ரானின் 130-வது வசனத்தைக் காட்டிக் கேட்பவர்கள் உண்டு. முதலில் 279-ஐப் படிக்கட்டும். பிறகு 25 லட்சம் 54 லட்சம் ஆனதை எத்தனை மடங்கு என்று அவர்களே சொல்லட்டும்.

ஜாஹிலிய்யாக் காலத்து வட்டி எப்படி நடந்தது என்று இமாம் மாலிக் (ரஹ்) அவர்களின் முவத்தாவில் ஓர் அறிவிப்பு இருக்கிறது. தவணை முடிந்ததும் கடன்காரனிடம், இப்போது தருகிறாயா அல்லது தொகையைக் கூட்டித் தவணையை நீட்டுகிறாயா என்று கேட்பார்களாம். ஹிஜ்ரி 10-ஆம் ஆண்டு அரஃபாவில் நபி (ஸல்) அவர்கள் அந்த வட்டி முழுவதையும் காலடியில் போட்டு ரத்துச் செய்தார்கள். முதலில் ரத்துச் செய்தது யாருக்கு வரவேண்டிய வட்டியை? சொந்தச் சிறிய தந்தை அப்பாஸ் (ரழி) அவர்களுக்கு வரவேண்டியதை! சட்டத்தை வீட்டிலிருந்து தொடங்கினார்கள்.

"தருகிறாயா, நீட்டுகிறாயா" என்ற கேள்வி இன்றும் இருக்கிறது, அலைபேசியில் குறுஞ்செய்தியாக வருகிறது. வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டுள்ளன. 2022 மே மாதத்துக்கு முன் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 ஆகிவிட்டது. 25 லட்சத்தை 7 சதவீதத்தில் 20 வருடத்துக்கு எடுத்தவரின் தவணை 19,382 ரூபாய். ஒரு வருடம் கட்டிய பின் பாக்கி 24 லட்சத்து 40 ஆயிரத்து 500 சொச்சம். வட்டி படிப்படியாகத்தான் ஏறியது. கணக்குக்காக இரண்டரை சதவீதமும் ஒரே தடவையில் ஏறியதாக வையுங்கள். அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டியே 19,320 ரூபாய். அசலுக்குப் போவது 62 ரூபாய்! 24 லட்சத்தை மாதம் 62 ரூபாயில் எப்போது அடைப்பது? தவணையைக் கூட்டினால் குடும்பம் திணறும், காலத்தை நீட்டினால் ஓய்வு வயதையும் தாண்டும்.

இதனால்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது கடன் வாங்கியவருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்வு செய்யும் வாய்ப்பையும் அவருக்குக் கொடுக்க வேண்டும். 2025-இல் ரெப்போ குறைந்தது உண்மைதான். குறைந்த பலன் உங்கள் கணக்கில் தவணையாகக் குறைந்ததா, மாதங்களாகக் குறைந்ததா என்று நம்மில் எத்தனை பேர் போய்க் கேட்டோம்?

ரூபாயில் எழுத முடியாத செலவும் இருக்கிறது. நம் மஹல்லாவின் பிள்ளைகள் சவூதியிலும் துபாயிலும் இருக்கிறார்கள். "இரண்டு வருடம் இருந்துவிட்டு வந்துவிடுகிறேன்" என்று போனவன் எட்டு வருடமாக வரவில்லை. ஏன்? வீட்டுத் தவணை. அவன் கட்டிய வீட்டில் அவன் படுத்த நாட்களை விரல் விட்டு எண்ணலாம். வாப்பா மௌத்தான செய்தியும் அங்கேதான் அவனுக்குப் போய்ச் சேர்கிறது. சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி தறியில் நிற்கும் ஒருவர், உடம்பு முடியாத நாளிலும் ஒரு ஷிப்டு விடமாட்டார். 90 நாள் தவணை தவறினால் அது வாராக்கடன் ஆகிவிடும். பிறகு 60 நாள் அவகாசம் தந்து நோட்டீஸ் வரும். அதற்கும் கட்டவில்லை என்றால் 2002-ஆம் வருட சர்ஃபாசி சட்டப்படி, வழக்குப் போட்டுத் தீர்ப்பு வாங்காமலே வீட்டைச் சுவாதீனம் எடுக்கலாம். அந்தப் பயத்தில் மனைவியின் நகை அடகுக்குப் போகிறது. முக்கால் வட்டியைக் கட்ட இரண்டு வட்டிக்கு வாங்குகிற கதையும் நடக்கிறது.

"ஹஜ்ரத், வாடகையும் வீணாகத்தானே போகிறது?" நியாயமான கேள்வி, இதை ஒதுக்கிவிட்டுப் பேசக்கூடாது. மாதம் 7,000 வாடகை தருகிறீர்கள் என்றால், தவணை கட்டத் தயாராக இருந்த மீதி 15,493 ரூபாயை ஒதுக்குங்கள். எட்டு வருடத்தில் ஏறத்தாழ 15 லட்சம் சேரும். வாடகை ஏறும், மனை விலையும் ஏறும், மறுக்கவில்லை. ஆனால் குடியிருக்கும் வீட்டின் விலை ஏறுவதால் கையில் காசு வருவதில்லை. விற்றால் அதே விலைக்கு இன்னொன்று வாங்க வேண்டும். "வருமான வரி மிச்சமாகிறது" என்று ஆடிட்டர் சொன்னதாகவும் சொல்கிறார்கள். பழைய வரி முறையில் 2 லட்சம் வட்டி வரை கழிக்கலாம். 20 சதவீத வரி கட்டுபவருக்கு 40 ஆயிரம் மிச்சமாகும். 40 ஆயிரத்தை மிச்சம் பிடிக்க 2 லட்சம் வட்டி கட்டுவது என்ன கணக்கோ!

இன்னொரு கேள்வி: "ஐரோப்பாவில் ஃபத்வா கொடுத்திருக்கிறார்களே?" ஆம், ஐரோப்பிய ஃபத்வா கவுன்சில் 1999-இல் அங்குள்ள முஸ்லிம்களுக்கு, வேறு வழியில்லாத நிலையில், குடியிருக்கும் ஒரே வீட்டுக்கு என்ற நிபந்தனைகளோடு சொன்னது. அதையும் பல உலமாக்கள் அன்றே மறுத்தார்கள். தெருவுக்கு நாலு வாடகை வீடு கிடைக்கும் ஊரில் இருந்துகொண்டு, மாடியும் கார் நிறுத்துமிடமும் கட்டுவதற்கு அதை எடுத்து வைப்பது பொருந்தாது. உண்மையான நிர்ப்பந்தத்தில் இருப்பவர் தனியாக வந்து தன் நிலையைச் சொல்லட்டும். மிம்பரில் இருந்து எல்லோருக்கும் பொதுவாகக் கொடுக்கும் அனுமதி அல்ல அது. பேங்க் வேண்டாம் என்று ஒத்திக்கு வீடு பிடிப்பவர்களும் கவனியுங்கள்: பணத்தைக் கொடுத்துவிட்டு வாடகை இல்லாமல் குடியிருப்பது, கடனால் பெறும் ஆதாயம். அதற்குத் தனி ஜும்ஆ வேண்டும்.

அப்படியானால் வழி என்ன? நம் நாட்டில் இஸ்லாமிய வங்கி இல்லை. அந்த யோசனையைத் தொடரப் போவதில்லை என்று ரிசர்வ் வங்கி 2017-இல் சொல்லிவிட்டது. பக்கத்தில் இலங்கையில் அமானா வங்கி 2011 முதல் நடக்கிறது, மலேசியாவில் 1983 முதல் உண்டு. நமக்கு இருப்பது குடும்பமும் ஜமாஅத்தும்தான்.

குறையும் கூட்டு என்று ஃபிக்ஹில் ஒரு முறை உண்டு. 25 லட்ச ரூபாய் வீட்டில் உங்கள் பணம் 10 லட்சம், வளைகுடாவில் இருக்கும் மச்சானின் பணம் 15 லட்சம் என்று வையுங்கள். வீடு இருவருக்கும் சொந்தம். நீங்கள் குடியிருப்பதால் அவர் பங்குக்கு வாடகை கொடுக்கிறீர்கள். கையில் பணம் சேரும்போது அவர் பங்கைக் கொஞ்சம் கொஞ்சமாக வாங்குகிறீர்கள், வாடகையும் குறைகிறது. வீட்டுக்குச் சேதம் வந்தால் நஷ்டம் இருவருக்கும். கடன் கொடுத்தவர் இந்த நஷ்டத்தில் பங்கெடுக்கவே மாட்டார், வித்தியாசம் அங்கேதான் இருக்கிறது. ஆனால் வாய்ப்பேச்சில் விடாதீர்கள். குர்ஆனின் மிக நீளமான வசனம், அல்பகராவின் 282, கடனை எழுதி வைப்பது பற்றியது. மச்சான்தானே என்று எழுதாமல் விட்டதால் இன்று பேச்சுவார்த்தை இல்லாத குடும்பங்களை நமக்குத் தெரியும்.

மனையைத் தவணைக்கு வாங்கலாம். மொத்த விலை ஒப்பந்த நாளிலேயே முடிவாக வேண்டும், தாமதமானால் தொகை கூடும் என்ற நிபந்தனை இருக்கக்கூடாது. டிடிசிபி அனுமதியைப் பார்த்துக்கொள்ளுங்கள். நம் பெற்றோர் அஸ்திவாரம் ஒரு வருடம், லிண்டல் மட்டம் அடுத்த வருடம் என்று கட்டினார்கள். பூச்சு இல்லாத வீட்டில் குடியேறியதை அவர்கள் அவமானமாக நினைக்கவில்லை. இன்று எலிவேஷன் இல்லாமல் பால் காய்ச்ச நமக்குக் கூச்சமாக இருக்கிறது.

இப்போது, ஏற்கெனவே கடனில் இருக்கும் சகோதரர்களே, உங்களைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்த இதைப் பேசவில்லை. தவ்பா செய்யுங்கள், வெளியே வரும் வழியைத் தேடுங்கள். மாறும் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் வாங்கக்கூடாது, இது 2012 முதல் உள்ள விதி. நான் சொன்ன 25 லட்சக் கடனில் முதல் மாதத்திலிருந்தே 5,000 ரூபாய் கூடுதலாக அசலில் கட்டினால் 20 வருடம் 13 வருடத்துக்குள் முடியும். 11 லட்சத்துக்கும் மேல் வட்டி மிச்சம். கட்டும்போது "அசலில் கழியுங்கள், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். கடன் தீரும் வரை இரண்டாவது உம்ராவையும் மண்டப வலீமாவையும் தள்ளி வையுங்கள்.

இரண்டு தீனார் கடன் வைத்திருந்த ஒருவரின் ஜனாஸாவுக்குத் தொழவைக்காமல் நபி (ஸல்) அவர்கள் நின்றதும், அபூ கதாதா (ரழி) அவர்கள் அதை ஏற்றுக்கொண்ட பிறகே தொழவைத்ததும் நீங்கள் அறிந்த ஹதீஸ்தான். பிற்பாடு வெற்றிகள் வந்து செல்வம் சேர்ந்தபோது, கடனோடு இறந்தவரின் கடனை நபியவர்களே பொறுப்பேற்றார்கள். இந்த இரண்டாம் பகுதியை நாம் பேசுவதே இல்லை. கடன்பட்டவரைத் தாங்குவது ஜமாஅத்தின் வேலை. ராஜபாளையத்திலும் 12 கிலோமீட்டர் தள்ளி ஸ்ரீவில்லிபுத்தூரிலும் இருக்கும் வசதியுள்ளவர்களைக் கேட்கிறேன்: திருப்பித் தரும் நிபந்தனையோடு, வட்டியில்லாமல், பைத்துல்மாலில் ஓர் அழகிய கடன் நிதிக்குப் பணம் வையுங்கள். தானம் கேட்கவில்லை. ஒருவரின் கடைசி மூன்று லட்சத்தை அடைத்து அவர் பத்திரத்தை மீட்டுக் கொடுத்தால், அவர் தவணையாக நிதிக்குத் திருப்பித் தருவார், அது அடுத்தவருக்குப் போகும்.

யா அல்லாஹ், கடனின் சுமையிலிருந்தும் மனிதர்களின் அடக்குமுறையிலிருந்தும் எங்களைப் பாதுகாப்பாயாக. ஹலாலைக் கொண்டு எங்களைப் போதுமாக்குவாயாக. ஆமீன்.

ஞாயிறு அஸருக்குப் பின் ஜமாஅத் அலுவலகத்தில் இருப்பேன். கடன் உள்ளவர்கள் உங்கள் ஸ்டேட்மென்ட்டை எடுத்து வாருங்கள். எத்தனை மாதம் பாக்கி, அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று உட்கார்ந்து பார்ப்போம். வெளியில் யாருக்கும் தெரிய வராது.