செவியில் விழுந்ததெல்லாம் செய்தியா?



உத்தனப்பள்ளி, ஓசூர் பக்கத்துத் தொழிற்சாலைகளில் உழைக்கும் வடநாட்டுத் தொழிலாளர்களை நாம் தினமும் காண்கிறோம். 2023 மார்ச்சில், தமிழகத்தில் பீஹாரிகளை அடித்துக் கொல்கிறார்கள் என்று சில படங்கள் கைபேசிகளில் பரவின. அவை வேறு சண்டைகளின் படங்கள். ஹோலிப் பண்டிகைக்கு ஊர் சென்றோரின் ரயில் கூட்டத்தையும் உயிருக்கு அஞ்சி ஓடுவோர் என்றார்கள். பீஹாரில் குடும்பங்கள் கலங்கின. அவ்வரசு அதிகாரிகள் குழுவையே அனுப்பியது.

பொய் எப்படி ஜெயித்தது? முதலில் அச்சத்தைத் தொட்டது. பிறகு அண்ணனும் மாமனும் அனுப்பியதாக வந்தது. பல வாய் சொன்னதும் மெய்யாகிவிட்டது.

மெய்யும் அதே வழியில்தான் போயிற்று. காவல்துறை இந்தியிலும் மறுப்புச் சொன்னது. அதிகாரிகள் தொழிலாளர்களை நேரில் சந்தித்துத் தைரியமூட்டினர். ஆகவே செய்தியைப் பரப்புவது பாவமல்ல. விசாரியாமல் பரப்புவதே பாவம்.

தீயவன் கொணரும் செய்தியைத் தீர விசாரியுங்கள், அறியாமல் ஒரு கூட்டத்தாருக்குத் தீங்கிழைத்துப் பின் வருந்தாதீர்கள் என்று அல்லாஹ் ஸூரத்துல் ஹுஜுராத்தில் (49:6) எச்சரிக்கிறான். கேட்டதையெல்லாம் சொல்வதே ஒருவன் பொய்யனாகப் போதும் என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் போதனை.

நாளை இப்படி ஒரு பொய் நம்மைப் பற்றியும் வரலாம். அன்று அயலார் விசாரிக்க வேண்டுமென விரும்பும் நாம், இன்று அயலாருக்காக விசாரிப்போம். அல்லாஹ் நம் நாவையும் விரலையும் காப்பானாக! ஆமீன்.