ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷன்ல நின்ன ரயில்

முருகா சரணம் 🙏

திருச்செந்தூர்ல தரிசனம் முடிச்சு, ராத்திரி செந்தூர் எக்ஸ்பிரஸ்ல ஊர் திரும்பியிருக்கீங்களா? பையில பன்னீர் இலை விபூதி இருக்கும். பெர்த்துல ஏறிப் படுத்திருப்போம். வழியில வர்ற ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷனை யார் எழுந்து பார்க்கப் போறா?

2023 டிசம்பர் 17 ராத்திரி எல்லாரும் பார்த்தாங்க. பேய் மழை. சுமார் 800 பேரோட வந்த ரயில் அங்கேயே நிறுத்தப்பட்டுச்சு. முன்னால வெள்ளம் ஜல்லியையும் மண்ணையும் அரிச்சுட்டுப் போய், தண்டவாளம் அந்தரத்துல தொங்குச்சு. கொஞ்ச பேரைப் பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிட்டுப் போனாங்க. மீதிப் பேர் ஸ்டேஷன்லயே. சுத்திலும் தண்ணி.

"முருகனைப் பார்க்கப் போன நமக்கா இந்தச் சோதனை?" அந்த இடத்துல யாருக்கும் இப்படித் தோணும். தோணுறது தப்பில்ல.

பக்கத்துல புதுக்குடி கிராமம். அந்த ஜனங்களுக்கும் வெள்ளத்தால கஷ்டம்தான். ஆனாலும் வீட்டுல இருந்த அரிசியைக் கொண்டுவந்து, ஊர்க் கோயில்ல சமைச்சு, முன்னப்பின்ன தெரியாதவங்களுக்குப் பசியாத்தினாங்க. 19-ஆம் தேதிதான் பயணிகளை மீட்டுக் கூட்டிட்டுப் போக முடிஞ்சுச்சு.

இதே ஸ்ரீவைகுண்டத்துல 17-ஆம் நூற்றாண்டுல பிறந்தவர் குமரகுருபரர். அஞ்சு வயசு வரைக்கும் பேச்சு வரல. பெத்தவங்க செந்தூர் சந்நிதிக்குத் தூக்கிட்டுப் போனாங்க. முருகன் அருளால வாய் திறந்து, கந்தர் கலிவெண்பா பாடினார்னு வரலாறு சொல்லுது. அன்னைக்கு இந்த ஊர்ப் பிள்ளைக்குச் செந்தூரான் குரல் கொடுத்தான். செந்தூரானைப் பார்த்துட்டு வந்தவங்களுக்கு இந்த மண்ணு சோறு கொடுத்துச்சு.

ஒண்ணு சொல்லணும். "எல்லாம் நல்லதுக்குத்தான்"னு சுலபமா பேசிடாதீங்க. அந்த வெள்ளத்துல உயிரைப் பறிகொடுத்த குடும்பங்களும் அதே மாவட்டத்துல இருக்கு. அவங்ககிட்ட அந்த வார்த்தை நிக்காது. எனக்குத் தெரிஞ்சது இவ்வளவுதான்: ரயிலை விடாம நிறுத்தின கையிலயும், சோத்துச் சட்டியைத் தூக்கிட்டு வந்த கையிலயும் அவன் வேல் இருந்துச்சு.

அடுத்த தடவை ஸ்டேஷன்ல காத்திருக்கும்போது போனைக் கொஞ்சம் கீழே வைங்க. பாதயாத்திரை வந்து கால் வீங்கி உட்கார்ந்திருக்கிற பாட்டிக்கு ஒரு பாட்டில் தண்ணி. உங்க கீழ் பெர்த். அதுவும் முருகனுக்குப் போய்ச் சேரும்.

வெற்றிவேல் முருகனுக்கு அரோகரா! 🦚