வாடுகிற மாலை

காலத்தையும் அசைவையும் தன் இஷ்டத்துக்கு வளைக்கும் ஓர் இனத்தைப் பற்றி நம் புராணங்கள் விரிவாகவே சொல்லியிருக்கின்றன. தேவர்களுக்குக் கண் இமைக்காது. கால் தரையில் பாவாது. வியர்க்காது, மேனியில் தூசி ஒட்டாது, கழுத்தில் போட்ட மாலை வாடாது. நினைத்த மாத்திரத்தில் நினைத்த உலகத்தில் போய் நிற்பார்கள். நமக்கு ஓர் ஆண்டு என்பது அவர்களுக்கு ஒரு நாள். உத்தராயணம் அவர்களுடைய பகல், தட்சிணாயணம் இரவு, மார்கழி விடியற்காலை.

சின்ன வயதில் இதைக் கேட்டு ஏங்காத பிள்ளை இருக்காது. எனக்கு அந்த ஏக்கம் பெரியவனான பிறகும் போகவில்லை. அம்மாவின் முட்டி தேயத் தொடங்கியதும் அதிகமாகவே ஆயிற்று. அவளுடைய வருஷங்களை மட்டும் கொஞ்சம் நிறுத்திவைக்க முடிந்தால் போதும் என்று தோன்றும். இந்த ஆசையோடுதான் பழைய கதைகளுக்குத் திரும்பிப் போனேன். அவை எனக்குச் சாதகமாகப் பேசவில்லை.

ரைவதன் என்ற அரசன் தன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மாவிடம் போன கதை பாகவதத்தில் வருகிறது. அங்கே கந்தர்வர்களின் பாட்டு நடந்துகொண்டிருந்தது. முடியட்டும் என்று காத்திருந்தான். பிறகு, மனதில் வைத்திருந்த வரன்களின் பெயர்களைச் சொன்னான். பிரம்மா சிரித்தார். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் ஓடிவிட்டன. ஒரு சதுர்யுகத்துக்கு 43,20,000 ஆண்டுகள். அவன் நினைத்த மாப்பிள்ளைகள், அவர்களுடைய பிள்ளைகள், பேரப்பிள்ளைகள், வம்சத்தின் பெயர் உட்பட எதுவுமே மிச்சமில்லை. ரேவதிக்குப் பலராமன் கிடைத்தான், சரி. ஆனால் அப்பனும் மகளும் விட்டுவந்த தெரு, பேசிப் பழகிய முகங்கள்? அதைப் பற்றிக் கதை நின்று பேசவில்லை. எனக்கு நெஞ்சில் நிற்பது அதுதான்.

தமயந்தி இன்னும் நேராகப் பதில் சொல்கிறாள். சுயம்வர மண்டபத்தில் இந்திரன், அக்கினி, யமன், வருணன் நால்வரும் அவள் விரும்பிய நளனின் உருவத்திலேயே வந்து உட்கார்ந்திருக்கிறார்கள். ஐந்து நளன்கள். நால்வரின் கண்கள் இமைக்கவில்லை, மாலைகள் அப்போது தொடுத்தவை போல இருக்கின்றன. ஒருவனுக்கு வியர்த்திருக்கிறது, கால் மண்ணில் பட்டிருக்கிறது, மாலை வாடத் தொடங்கிவிட்டது. அவள் அவனுக்கு மாலையிட்டாள்.

இதைக் காதலின் உறுதி என்று சொல்லிக் கடந்துவிடுவது வழக்கம். எனக்கு அதற்கு மேலும் ஒன்று படுகிறது. எவ்வளவு எடுத்தாலும் குறையாத ஒன்றை ஒருவருக்குக் கொடுத்தால் அது கொடுத்ததாக ஆகுமா? இந்திரன் அவள் பக்கத்தில் ஆயிரம் வருஷம் உட்கார்ந்திருந்தாலும் அவனுக்கு எதுவும் செலவாகாது. நளன் ஒரு பொழுது உட்கார்ந்தால், அந்தப் பொழுது அவன் ஆயுளிலிருந்து போயிற்று. வாடாத மாலை போட்டவர்களால் வரம் தர முடியும், தந்தார்கள். நேரத்தைத் தர முடியாது.

பின்னால் நடுராத்திரியில் அவளைக் காட்டில் தனியே விட்டுப் போனவனும் அதே நளன்தான். அதை மறைப்பதற்கில்லை. மனுஷனைத் தேர்ந்தெடுத்தால் இதுவும் சேர்ந்தே வரும். உருமாறி, தேரோட்டியாக வந்தவனை அவன் சமைத்ததை ருசி பார்த்து அவள் கண்டுபிடித்தாள். முதலில் வியர்வை, இரண்டாவது கைப்பக்குவம்.

பள்ளிப்பட்டில் எங்கள் தெருவில் விசைத்தறிச் சத்தம் ஓயாது. அம்மா கூலிக்கு ஓட்டினாள். இழை அறுந்தால் தறியை நிறுத்த வேண்டும். அறுந்த முனையைத் தேடி எடுத்து, விரலால் முறுக்கிப் பிணைத்து, மறுபடி ஓட்ட வேண்டும். நெய்த அளவுக்குத்தான் கூலி. நின்ற தறிக்கு யாரும் எதுவும் தர மாட்டார்கள். எனக்குக் காய்ச்சல் கண்டால் அவள் தறியை நிறுத்திவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்வாள். நெற்றியில் ஈரத்துணி போடுவாள், பேச்சு அதிகம் இருக்காது. அந்த நேரத்தின் விலை அவளுக்குத் தெரியும். என் காலத்தை நிறுத்திவைக்கும் வல்லமை அவளுக்கு இருந்திருந்தால், அப்படி வந்து உட்கார வேண்டியிருந்திருக்காது.

1960 ஏப்ரல் 1 அன்று சித்தூர் மாவட்டத்திலிருந்து பிரிந்து சென்னை மாநிலத்தோடு சேர்ந்த பகுதி எங்களுடையது. சில வீடுகளில் யுகாதிக்கு வருஷம் பிறக்கும், சில வீடுகளில் சித்திரை முதல் நாளில். ஆங்கில வருஷம் மட்டும் திருத்தணி மலையில் பிறக்கும். ஜனவரி 1 அன்று வெள்ளைக்கார அதிகாரிகளைப் போய்ப் பார்க்கும் வழக்கத்துக்கு மாற்றாக, அந்த நாளில் முருகனைப் பார்க்க வாருங்கள் என்று அழைத்தவர் வள்ளிமலை சச்சிதானந்த சுவாமிகள். டிசம்பர் 31 அன்று படித் திருவிழா. திருப்புகழ் பாடிக்கொண்டே படியேறுவார்கள். நாளுக்கு ஒன்றாக 365 படிகள். அத்தனையும் தேவர்கள் கணக்கில் ஒரே ஒரு நாள்.

மலைமேல் வண்டிப்பாதை இருக்கிறது. பஸ்ஸில் சில நிமிடங்களில் போய்விடலாம். ஆனாலும் பெண்கள் ஒவ்வொரு படியாகக் குனிந்து, மஞ்சள் தடவி, குங்குமம் வைத்து, கற்பூரம் ஏற்றி, நிமிர்ந்து, அடுத்த படிக்குப் போகிறார்கள். இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள், பின்னால் வருபவருக்கு வழிவிடுகிறார்கள். அவர்களுக்கு ஒவ்வொரு படியும் தனித்தனி.

போன மார்கழியில் பஸ்ஸிலேயே போகலாம் என்று அம்மாவிடம் சொன்னேன்.

"திரும்பி வர்றப்ப பஸ்ஸுல வரலாம்டா. போறப்ப நாலு படியாவது ஏறிட்டு உக்காந்துக்கறேன். நீயும் கூட உக்காரு."

உட்கார்ந்தேன்.