நேஜா திருப்பித் தந்த உடல்

பதினாறாம் நூற்றாண்டுச் சீன நாவலான ‘ஃபெங்ஷென் யான்யி’யில் நேஜா என்ற சிறுவன் தன் உடலைத் தானே அறுத்துப் பெற்றோரிடம் ஒப்படைக்கிறான். டிராகன் அரசனின் மகனைக் கொன்ற பழி குடும்பத்தின் மேல் விழாதிருக்க அவன் கண்ட வழி அது. பெற்றோர் தந்த உடலுக்கு ஊறு நேராமல் காப்பதே மகனின் முதல் கடமை என்னும் கன்பூசிய மரபில் இதைவிடக் கடுமையான செயல் இருக்க முடியாது.

தந்தை லி ஜிங் அதன் பிறகும் விடவில்லை. தாய் எழுப்பிய கோயிலில் இருந்த மகனின் சிலையை உடைத்து, கோயிலுக்கும் தீ வைக்கிறார். நேஜாவின் குரு தாமரையால் புது உடல் செய்து தர, அவன் ஈட்டியோடு தந்தையைத் துரத்துகிறான். குபேரன் மகன் நளகூபரனே பௌத்த நூல்கள் வழியே சீனம் சேர்ந்து நேஜா ஆனான் என்கிறார் ஆய்வாளர் மெயர் ஷஹார்.

1979இல் ஷாங்காய் அனிமேஷன் ஸ்டுடியோ இக்கதையைப் படமாக்கியது. ஓவியர் ஜாங் டிங்கின் வடிவமைப்பில் சுவரோவியங்களின் கோடும் பீக்கிங் ஓபராவின் அசைவும் கலந்தன. புயலுக்கு நடுவே சிறுவன் வாளைத் தன் கழுத்தில் வைக்கும் காட்சியைப் படம் மறைக்கவில்லை. பிள்ளைகளே பெற்றோரைக் காட்டிக்கொடுக்க நேர்ந்த கலாச்சாரப் புரட்சி முடிந்து அப்போது மூன்றே ஆண்டுகள் ஆகியிருந்தன. ஆனால் உயிர்த்தெழுந்த நேஜா டிராகன்களோடு மட்டுமே போரிட்டான், தந்தையைத் துரத்தவில்லை.

ஜியாவ்ஸி இயக்கிய 2019 நேஜா படம் மூலக்கதையிலிருந்து இன்னும் விலகியது. அதில் மகன்மேல் விழ வேண்டிய இடியைத் தானே தாங்கத் துணிகிறார் தந்தை. அந்த அன்பு கண்ணீர் வரவழைக்கிறது. கோடிக்கணக்கானோரை அரங்குக்கு அழைத்தும் வந்தது. ஆயினும் உடலைத் திருப்பித் தரும் அந்தச் செயலுக்கு அங்கே இடமில்லை.

பழைய பாத்திரத்தை மாற்றுவது குற்றமல்ல. ஒவ்வொரு தலைமுறைக்கும் அந்த உரிமை உண்டு. ஆனால் கதை எங்கே நம்மைச் சுடுகிறதோ அங்கே மட்டும் கைவைத்து ஆற்றிவிட்டால், மிஞ்சுவது பெயரும் உடையும்தான்.

நேஜாவின் கேள்வி இன்னும் அப்படியே நிற்கிறது: பெற்ற கடன் தீர்ந்தபின் மகன் யாருக்குச் சொந்தம்? சதையே இல்லாமல் கோட்டாலும் வண்ணத்தாலும் உடல் படைக்கும் அனிமேஷனைவிட இதைக் கேட்கத் தகுந்த கலை வேறில்லை. அடுத்து நேஜாவை வரையப்போகிறவர் தந்தையை நல்லவராக்க அவசரப்படாமல், அந்த ஈட்டியை மகனின் கையிலேயே விட்டுவைக்க வேண்டும்.