இரண்டு காட்சிக்கு வருகிறவர்

ஏப்ரல் 15-லிருந்து 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். ஜெகதாப்பட்டினத்தில் விசைப்படகுகள் எல்லாம் கரையில் நிற்கும். வீடுகளில் டி.வி. மட்டும் தொழிலுக்குப் போய்க்கொண்டிருக்கும். அப்படியொரு மத்தியானம் அத்தை வீட்டில் ‘தில்லானா மோகனாம்பாள்’.

அத்தை முறத்தில் காரல் கருவாட்டைக் கொட்டி, நொறுங்கியதைத் தனியாக ஒதுக்கிக்கொண்டிருந்தார். பத்மினி ஆடியபோதும் தலை நிமிரவில்லை. ஜில் ஜில் ரமாமணியாக மனோரமா வாயைத் திறந்ததும் கை நின்றுவிட்டது.

“பள்ளத்தூர்ப் பொண்ணுல்ல,” என்றார், சொந்தக்காரரைச் சொல்வதுபோல. பிறந்தது மன்னார்குடி, ஆனாலும் அத்தை சொன்னதில் தப்பில்லை. தாய் வீட்டுவேலை செய்து வளர்த்த கோபிசாந்தா, நாடக மேடையேறி மனோரமா ஆனது பள்ளத்தூர் வாழ்க்கையில்தான்.

நான் ஊருக்குப் போயிருந்தது ஒரு மனத்தாங்கலோடு. எனக்கு வரவேண்டிய நாற்காலியில், நான் வேலை கற்றுக்கொடுத்த பையன் உட்கார்ந்திருந்தான். அதைத்தான் அத்தையிடம் புலம்பிக்கொண்டிருந்தேன்.

திரையில் இருந்தவருக்கும் கதாநாயகி நாற்காலி நிலைக்கவில்லை. 1958-இல் ‘மாலையிட்ட மங்கை’யில் மனோரமாவை நகைச்சுவைக்குப் போட்டவர் கண்ணதாசன். கதாநாயகியாக நடித்தால் மூன்று, நான்கு வருடத்தில் அனுப்பிவிடுவார்கள், சிரிக்க வைத்தால் நிலைத்து நிற்கலாம் என்று அவர் சொன்னதை மனோரமாவே பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். 1963-இல் ‘கொஞ்சும் குமரி’யில் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்தார். பிறகு பழைய இடத்துக்கே திரும்பி, ஆயிரம் படங்களைத் தாண்டினார். கின்னஸ், ‘புதிய பாதை’க்குத் தேசிய விருது, 2002-இல் பத்மஸ்ரீ எல்லாம் வந்தன. சின்னத்திரையையும் விடவில்லை.

வருத்தமே இல்லாமல் இருந்திருப்பாரா? எனக்கு நம்பிக்கையில்லை. ஆனால் ‘சின்னக் கவுண்டர்’ கிழவியை நினைத்துப் பாருங்கள். பல்லை முன்னால் துருத்திக்கொண்டு வருவார். எந்தக் கதாநாயகி அந்தப் பல்லுக்கு ஒத்துக்கொள்வாள்? அவளுக்குக் காப்பாற்ற ஒரு முகம் இருக்கிறது. அது வாடினால் பிழைப்பு போச்சு. மனோரமாவுக்கு அந்தக் காவல் வேலை இல்லை. அதனால்தான் முப்பது சொச்சம் வயதில் ரமாமணி, ஐம்பதுக்கு மேல் ‘நடிகன்’ படத்தில் காதலுக்கு ஏங்கும் பேபியம்மா, ‘இந்தியன்’ படத்தில் லஞ்சக் கொடுமையால் அழுத குப்பம்மா என்று எந்த முகம் வேண்டுமானாலும் எடுத்து மாட்ட முடிந்தது.

நாற்காலி போனதைவிட என்னைக் குடைந்தது, நாலு பேர் முன்னால் என் முகம் என்ன ஆகும் என்பதுதான். வேலை அப்படியேதான் இருந்தது. திங்கட்கிழமை போனால் அதே மேசை, அதே கோப்பு. இதைப் புரிந்துகொண்டேனே தவிர, கோபம் அன்றைக்குத் தணியவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

விளம்பரம் வந்தது. ரமாமணி காட்சி முடிந்துவிட்டதே, சேனலை மாற்றவா என்று ரிமோட்டை எடுத்தேன்.

“வையி மருமவனே,” என்றார் அத்தை, முறத்தைத் தட்டிக்கொண்டே. “அவ இன்னொருக்கா வருவா.”