உன் நண்பன் எங்கே?

தொடக்க நூலின் முதல் ஏடுகளில் கடவுள் மனிதரிடம் கேட்கும் வினாக்களுள் இரண்டு, இடத்தைப் பற்றியவை. மரங்களுக்கிடையே ஒளிந்துகொண்ட ஆதாமிடம், அவன் எங்கே இருக்கிறான் என்று கேட்கிறார். தம்பியைக் கொன்றுவிட்டு வெறுங்கையோடு நிற்கும் காயினிடம், அவன் தம்பி எங்கே என்று கேட்கிறார். எல்லாம் அறிந்தவர் இடம் தெரியாமலா கேட்டார்? கேட்கப்பட்டவன் தன் வாயால் விடை சொல்லிப் பார்க்க வேண்டும் என்பதற்காகவே அவ்வினாக்கள் எழுந்தன. இவ்விரு வினாக்களும் ஒன்றையொன்று பற்றி நிற்பவை என்பதை எனக்கு உணர்த்தியது இறையியல் நூல் அன்று. ஓர் ஆங்கில ராக் இசைத்தட்டு. பங்குத்தந்தை ஒருவருக்கும் அத்தகைய இசைக்கும் என்ன உறவு என்று வாசகர் வியக்கக்கூடும். பொறுத்திருந்து படிக்குமாறு வேண்டுகிறேன்.

1975 செப்டம்பரில் வெளிவந்த அந்த இசைத்தட்டின் பெயர் 'விஷ் யூ வேர் ஹியர்'. பிங்க் ஃப்ளாய்டு என்னும் இலண்டன் இசைக்குழு உருவாக்கியது. நீ இங்கே இருந்தால் எவ்வளவு நன்றாயிருக்கும் என்பது அப்பெயரின் பொருள். விடுமுறைக்குச் செல்லும் ஆங்கிலேயர் கடற்கரையிலிருந்து வீட்டுக்கு அனுப்பும் பட அஞ்சலட்டைகளில் வழக்கமாக எழுதும் சொற்றொடர் அது. உள்ளம் உருகி அதனை எழுதுவோரும் உண்டு. வேறொன்றும் எழுதத் தோன்றாமல் எழுதுவோரும் உண்டு. அது மெய்யான ஏக்கமா, வெறும் வழக்கச் சொல்லா என்னும் ஐயம் இவ்விசைத்தட்டு முழுவதிலும் நிழல்போல் தொடர்ந்து வருகிறது.

விட்டுச் செல்லப்பட்டவர்

அந்த ஏக்கத்துக்கு உரியவர் யார்? குழுவைத் தொடங்கியவர்களுள் ஒருவரும், அதற்குப் பெயர் சூட்டியவரும், 1967இல் வெளிவந்த அதன் முதல் இசைத்தட்டின் பெரும்பாலான பாடல்களை இயற்றியவருமான சிட் பாரெட். 1946இல் கேம்பிரிட்ஜ் நகரில் பிறந்தவர். குழுவின் ரோஜர் வாட்டர்ஸும், பின்னர் வந்து சேர்ந்த டேவிட் கில்மோரும் அவருக்கு அந்நகரிலேயே இளமை நண்பர்கள். கில்மோரும் பாரெட்டும் 1965ஆம் ஆண்டுக் கோடையில் தெற்குப் பிரான்சின் தெருக்களில் சேர்ந்து பாடித் திரிந்தவர்கள்.

புகழ் வந்த வேகத்திலேயே பாரெட்டின் மனம் சிதையத் தொடங்கியது. எல்.எஸ்.டி. என்னும் போதைப்பொருளின் பயன்பாடும், ஓய்வற்ற நிகழ்ச்சிகளின் அழுத்தமும் அவரை வாட்டின. மேடையில் கிதாரைத் தோளில் மாட்டியபடி ஒன்றும் வாசியாமல் நிற்கலானார். 1968 ஜனவரியில் ஒரு நாள். சவுத்தாம்ப்டனில் நிகழ்ச்சி. வண்டி புறப்பட்டது. வழியில் பாரெட்டையும் ஏற்றிக்கொள்வதா என்ற பேச்சு எழுந்தது. வேண்டாம் என்றது ஒரு குரல். மற்றவர்கள் மறுக்கவில்லை. வண்டி அவர் வீட்டுப் பக்கம் திரும்பாமலே சென்றது. அவர் குழுவை விட்டு விலகிய செய்தி ஏப்ரலில்தான் முறையாக அறிவிக்கப்பட்டது. ஆனால் விலக்கம் நிகழ்ந்தது அந்தச் சாலையில்.

அறநெறி இயல் இங்கே இரண்டை வேறுபடுத்திப் பார்க்கச் சொல்லும். நோயுற்ற ஒருவரைத் தொடர்ந்து மேடையில் ஏற்ற வேண்டும் என்பது எவருடைய கடமையும் அன்று. ஏற்றியிருந்தால் அதுவே அவருக்குக் கேடாக முடிந்திருக்கலாம். ஆகவே அவரின்றிக் குழுவை நடத்துவது என்ற முடிவைக் குற்றமென்று கூறிவிட இயலாது. குறை முடிவில் இல்லை. அதனைச் சொல்லாமல் விட்டதில் இருக்கிறது. எவரும் அவரைத் துரத்தவில்லை, திட்டவில்லை, கதவை அடைக்கவுமில்லை. கதவருகே செல்லவில்லை, அவ்வளவே. திருப்பலியின் தொடக்கத்தில் நாம் பாவ அறிக்கை செய்யும்போது சிந்தனை, சொல், செயல் ஆகியவற்றோடு கடமையில் தவறியதையும் சேர்த்தே சொல்கிறோம். முதல் மூன்றையும் எளிதில் நினைவுகூர்கிறோம். நான்காவது நினைவுக்கு வருவதில்லை. அது தடயம் விட்டுச் செல்வதில்லை.

நான்கு சுரங்கள்

இசைத்தட்டுக்கு வருவோம். ஏறத்தாழ 44 நிமிடங்கள், ஐந்தே பாடல்கள். அவற்றுள் 'ஷைன் ஆன் யூ கிரேஸி டயமண்ட்' என்பது ஒன்பது பகுதிகள் கொண்டு சுமார் 26 நிமிடம் நீளும் ஒரே படைப்பு. அதனை இரண்டாகப் பிரித்துத் தொடக்கத்திலும் இறுதியிலும் வைத்தார்கள். நடுவில் மூன்று பாடல்கள். ஆக, பாரெட்டைப் பற்றிய பாட்டு மற்றவற்றை இரு கைகளாலும் அணைத்துக்கொண்டு நிற்கிறது.

தொடக்கத்தில் சொற்கள் இல்லை. மது அருந்தும் கண்ணாடிக் கிண்ணங்களின் விளிம்பிலிருந்து எழுப்பிய ஒலியும் ரிச்சர்ட் ரைட்டின் விசைப்பலகை இசையும் பனிபோல் கவிகின்றன. பிறகு கில்மோரின் கிதாரிலிருந்து நான்கு சுரங்கள் தனித்து ஒலிக்கின்றன. யாரையோ பெயர் சொல்லி அழைத்துவிட்டு விடைக்குக் காத்திருப்பதுபோல் ஓர் இடைவெளி. மீண்டும் அதே நான்கு. நம் இசையில் ஆலாபனை பாட்டுக்கு வழி அமைப்பதுபோல், எட்டு நிமிடங்களுக்கு மேல் இவ்வாறு சென்ற பின்னரே மனிதக் குரல் வருகிறது. நினைவுக்கு வரும் மனிதரை அவசரப்பட்டுச் சொற்களில் அடைக்கக் கூடாது என்னும் அடக்கம் அதில் தெரிகிறது. பாடலும் நோயைப் பாடாமல், அந்நண்பரிடம் இருந்த ஒளியையே பாடுகிறது. இறுதிப் பகுதியில் இசை மெல்ல அடங்கும் வேளையில், பாரெட் 1967இல் இயற்றிய 'சீ எமிலி பிளே' என்ற பாடலின் மெட்டை ரைட் ஒரு கணம் வாசித்துவிட்டு மறைகிறார். கவனியாதவர் காதில் அது விழுவதில்லை. கல்லறையில் ஓசையின்றி வைத்துவிட்டுப் போகும் ஒற்றைப் பூ அது. ஆனால் கல்லறைக்கு உரியவர் அப்போது இறந்திருக்கவில்லை என்பதை மறந்துவிடலாகாது.

நடுவிலுள்ள பாடல்கள் வேறு திசையில் செல்கின்றன. ஒன்று, இளைஞர்களின் கனவுகளை விழுங்கும் வணிக இயந்திரத்தைப் பற்றியது. மற்றொன்று, இசைக்குழுவைத் தலையில் வைத்துக் கொண்டாடும் ஒரு வணிகரைப் பற்றியது. அவர் அக்குழுவின் பெயரை ஒரு மனிதரின் பெயரென்று எண்ணி, உங்களுள் அவர் யார் என்று விசாரிக்கிறார். கேட்போர் நகைப்பர். அட்டைப்படத்திலும் இதே கருத்துத்தான்: இரு வணிகர் கைகுலுக்குகின்றனர், ஒருவர் உடலில் தீப்பற்றி எரிகிறது, மற்றவர் அதைக் கண்டதாகவே தெரியவில்லை. அந்த அட்டையையும் கறுப்பு உறையிட்டு மறைத்தே விற்றனர்.

அறைக்குள் நின்றவர்

1975 ஜூனில் இலண்டன் அபே ரோடு ஒலிப்பதிவுக் கூடத்தில் இப்பணி நடந்துகொண்டிருந்தபோது, பருத்த உடலும் மழித்த தலையும் கொண்ட ஒருவர் கையில் ஒரு பிளாஸ்டிக் பையுடன் உள்ளே வந்து நின்றார். புருவங்களும் மழிக்கப்பட்டிருந்தன. கூடத்தின் ஊழியராக இருக்கலாம் என்று எண்ணினர். நேரம் சென்றது. அவர்தாம் பாரெட் என்று தெரிந்தபோது வாட்டர்ஸ் அழுதுவிட்டார். எவரை எண்ணி அப்பாடலைச் செதுக்கிக்கொண்டிருந்தார்களோ, அவரே அந்த அறைக்குள் நின்றிருந்தார். பாடியவர்களுக்கு அவரைத் தெரியவில்லை. சற்று நேரத்துக்குப் பின் அவர் சொல்லாமல் போய்விட்டார்.

இங்கேதான் நான் ஒவ்வொரு முறையும் நின்றுவிடுகிறேன். தம்மை அடையாளம் தெரியாத வணிகரைக் கண்டு நகைத்தவர்கள், தம் நண்பரை அடையாளம் காணவில்லை. இதனைக் குற்றச்சாட்டாகக் கூறவில்லை. ஆண்டுகளின் இடைவெளியும் மாறிய தோற்றமும் எவரையும் ஏமாற்றும். ஆயினும் ஓர் உண்மை இதில் உண்டு. இல்லாதவரை நினைத்து நினைத்து நாம் உள்ளத்தில் ஒரு படத்தைத் தீட்டிக்கொள்கிறோம். அது இளமையானது, ஒளி மிக்கது, மாறாதது. அந்தப் படத்தை நேசிக்க நேசிக்க, அதற்கு உரிய மனிதர் கண்ணுக்குத் தெரியாமல் போகிறார். நீ இங்கே இருந்தால் என்று பாடும்போது, நீ பழையபடி இருந்தால் என்று நிபந்தனை விதிக்கிறோமோ?

புனித அகுஸ்தினார் தம் வாழ்வைக் கடவுள் முன் அறிக்கையிட்டு எழுதிய நூலின் நான்காம் பகுதியில், இளமையில் தாம் இழந்த நண்பர் ஒருவரைப் பற்றிக் கூறுகிறார். அந்நாள்களில் கண்ணீர் தமக்கு இனித்தது என்றும், நண்பர் இருந்த இடத்தைக் கண்ணீரே பிடித்துக்கொண்டது என்றும் ஒப்புக்கொள்கிறார். துயரத்தின் மீதே பற்று உண்டாகக்கூடும் என்பதைப் பதினாறு நூற்றாண்டுகளுக்கு முன்னர் இவ்வளவு நேர்மையாகச் சொன்னவர் அவர். எம்மாவுக்குச் சென்ற சீடர் இருவரும் தாம் இழந்தவரைப் பற்றியே அவரிடம் பேசிக்கொண்டு நடந்தார்கள், அவரை அறியவில்லை. ஆனால் அவர்கள் ஒன்று செய்தார்கள். பொழுது சாய்ந்தபோது, முன்பின் அறியாத அந்த வழிப்போக்கரைத் தங்களுடன் தங்குமாறு வற்புறுத்தினார்கள். அப்பம் பிட்கையில் கண்கள் திறந்தன. அறிந்தபின் அழைத்தவர்கள் அல்லர் அவர்கள், அழைத்ததால் அறிந்தவர்கள்.

துக்கம் கடனைத் தீர்க்குமா?

கைவிட்டவரைப் பாடிப் புகழும் பொருளும் ஈட்டினார்களே, இது அறமா என்று கேட்போர் உண்டு. நியாயமான கேள்வி. 1970இல் பாரெட் தனியே வெளியிட்ட இரு இசைத்தட்டுகளுக்கும் கில்மோர் துணை நின்றார். ஒன்றில் வாட்டர்ஸும் மற்றொன்றில் ரைட்டும் உதவினர். பழைய பாடல்களுக்கான உரிமைத்தொகை பாரெட்டுக்குத் தவறாது சேருமாறு கில்மோர் பார்த்துக்கொண்டார். நீதி கோரும் அளவு செய்யப்பட்டது என்றே கூறலாம். ஆனால் நட்பின் கடன் நீதியின் கடனைவிடப் பெரிது. பாரெட் கேம்பிரிட்ஜ் திரும்பி, ரோஜர் என்ற தம் பழைய பெயரோடு, ஓவியம் தீட்டியும் தோட்டம் பேணியும் அமைதியாக வாழ்ந்தார். பழைய நினைவுகள் அவரைக் கலங்கச் செய்யும் என்று குடும்பத்தார் கருதியதால் நண்பர்கள் செல்லவில்லை. செல்லாமலே இருந்துவிட்டதற்காகக் கில்மோர் பிற்காலத்தில் வருந்தியிருக்கிறார். 2005 ஜூலை 2 அன்று இலண்டன் ஹைட் பூங்காவில் நால்வரும் மீண்டும் ஒன்றாக மேடையேறியபோது, இங்கு இல்லாதவர்களுக்காக, சிறப்பாகச் சிட்டுக்காக என்று கூறியே அப்பாடலை வாட்டர்ஸ் தொடங்கினார். பாரெட் அப்போதும் கேம்பிரிட்ஜில் உயிரோடிருந்தார். மறு ஆண்டு ஜூலை 7 அன்று, 60ஆம் வயதில் மறைந்தார்.

ஆகவே பாட்டு பொய்யன்று. ஆனால் போதுமானதும் அன்று. துக்கம் மனமாற்றத்தின் வாசல். வாசலிலேயே குடியிருப்பவர் வீட்டுக்குள் செல்வதில்லை. இதனை அந்தக் கலைஞர்களே உணர்ந்திருந்தார்கள் எனத் தோன்றுகிறது. அந்த ஒலிப்பதிவு நாள்களில் தாங்களே மனத்தால் அங்கு இல்லை என்றும், நாம் இங்கே இருந்திருந்தால் என்று அதற்குப் பெயரிட்டிருக்கலாம் என்றும் வாட்டர்ஸ் பின்னர் கூறியதுண்டு. காயினிடம் கேட்ட வினாவில் தொடங்கி, ஆதாமிடம் கேட்ட வினாவில் அவர் வந்து நிற்கிறார். நண்பன் எங்கே என்று தேடியவர், நான் எங்கே இருக்கிறேன் என்று கேட்க நேர்ந்தது. நேர்மையான துக்கம் இவ்வழியே செல்லும்.

இறுதியாக என் கணக்கு. இவ்விசையை நான் முதலில் கேட்டது குருமடத்தில், உடன் பயின்ற ஒருவரிடமிருந்த ஒலிநாடாவில். என்னைவிட நன்றாகப் பாடுவார். என்னைவிட நன்றாகச் செபிப்பார் என்றும் எண்ணியிருந்தேன். மூன்றாம் ஆண்டில் அவருக்கு மனநோய் கண்டது. ஒரு காலையில் உணவறையில் அவர் இருக்கை காலியாக இருந்தது. வீட்டுக்கு அனுப்பப்பட்டார் என்றார்கள். அவருக்காகச் செபித்தோம். நான் கடிதம் எழுதவில்லை. ஒலிநாடா மட்டும் என் பெட்டியில் தங்கிவிட்டது. அவருடைய ஊர் வழியாகப் பேருந்தில் இருமுறை சென்றிருக்கிறேன், இறங்கவில்லை. மறையுரைகளில் மட்டும், பெயர் குறிப்பிடாமல், அவரைப் பற்றிப் பலமுறை உருக்கமாகப் பேசியிருக்கிறேன்.

இக்கட்டுரையை எழுதி முடித்தால் கடன் தீர்ந்தது என்று மனம் ஆறுதல் கூறத் தொடங்கியது. அந்த ஆறுதலை நான் நம்பவில்லை. எனவே கட்டுரையை நிறுத்திவிட்டு முதலில் ஒரு கடிதம் எழுதினேன். பழைய நாள்களைப் பற்றி அதில் ஒன்றும் இல்லை. இப்போது எப்படி இருக்கிறீர்கள், நான் வந்து பார்க்கலாமா என்று மட்டும் கேட்டிருக்கிறேன். விடை இன்னும் வரவில்லை.