காசு கொடுத்தவருக்குப் பேச இடமுண்டா?

ஊரில் கிடக்கும் ஒரு குடும்பச் சொத்தின் பாக வழக்கைப் பற்றி, புக்கிட் ரோத்தானிலிருந்து தஞ்சோங் காராங் வரையில் நம்மவர் கடைகளில் சில மாதங்களாகப் பேச்சு நடக்கிறது. வழக்கு இராமநாதபுரம் ஜில்லாவில், வாய்ச்சண்டை இங்கே! யார் பெயரையும் நாம் எழுதப் போவதில்லை.

தகப்பனார் மவுத்தாகிவிட்டார். மனைவி, இரண்டு ஆண் மக்கள், ஒரு பெண் ஆகியோர் வாரிசுகள். மனை 40 சென்டு. பராயிள் கணக்குப்படி மனைவிக்கு எட்டில் ஒன்று, அதாவது 5 சென்டு. மீதி 35ல் ஆண் மக்களுக்குத் தலைக்கு 14, பெண்ணுக்கு 7. கணக்கில் தகராறு கிடையாது. பிரித்துக் கொடுக்க மூத்தவருக்கு மனம் வராததால் தங்கை கோர்ட்டுக்குப் போனார். வழக்கு நடக்கும்போதே மூத்தவர், ரோட்டோரமாக 20 சென்டை நம் நண்பர் ஒருவருக்குக் கிரயம் செய்து கொடுத்துவிட்டார். நண்பரோ தோட்டம் தோட்டமாகத் துணி விற்று வெள்ளி வெள்ளியாகச் சேர்த்தவர். "விலை மலிவு, விட்டுவிடாதீர்கள்" என்று அவருக்கு யோசனை சொன்னவர்களில் நாமும் உண்டு. வழக்கு ஏதும் இருக்கிறதா என்று நாம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

இப்போது அவர், தம்மையும் வழக்கில் ஒரு பிரதிவாதியாகச் சேர்க்கும்படி மனுச் செய்திருக்கிறார். "எங்கள் வாப்பாவின் சொத்தைப் பிரிப்பதற்கு அந்நியர் எதற்கு?" என்று தங்கை ஆட்சேபிக்கிறார்.

இந்தியாவில் 1882ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 52ஆம் பிரிவு கண்டிப்பானது. வழக்கு நடக்கையில் வாங்கியவரை அவ்வழக்கின் முடிவு கட்டுப்படுத்தும். வழக்கு இருப்பது தெரியாது என்று சொன்னாலும் தப்ப முடியாது. அப்படியானால் அவருக்குக் கட்டு உண்டு, பேச்சு இல்லை என்றாகிறது. ஒருவரைக் கட்டுப்படுத்தும் தீர்ப்பை அவரைக் கேளாமலே எழுதலாமா என்பதுதான் நம் கேள்வி.

இதற்குச் சுப்ரீம் கோர்ட்டு வழி சொல்லியிருக்கிறது. 1983ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுதிகளில் அச்சான கேம்சந்த் சங்கர் சௌத்ரி வழக்கில், பாக வழக்கின்போது நிலம் வாங்கியவரையும் கலெக்டர் பாகம் பிரிக்கையில் கேட்க வேண்டும் என்றது. 2005ல் அமித் குமார் ஷா வழக்கில் காரணத்தையும் விளக்கிற்று. விற்றவர் பணத்தை எண்ணி வாங்கிக்கொண்டார். இனி அக்கறையோடு வழக்காடுவாரா? எதிரியோடு கைகோத்துக்கொண்டாலும் ஆச்சரியமில்லை. வியாபாரிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

நம் ஷரீஅத்திலும் யோசிக்க இடமிருக்கிறது. பிரிக்கப்படாத சொத்தில் ஒரு கூட்டாளி தம் பங்கை அந்நியருக்கு விற்றால், மற்றக் கூட்டாளி அதே விலையைக் கொடுத்து அதை எடுத்துக்கொள்ளும் உரிமை ஷுஃப்ஆ எனப்படும். இதில் கவனிக்க வேண்டியது, வாங்கியவர் கொடுத்த விலை அவர் கைக்குத் திரும்ப வேண்டும் என்பதே. அந்நியர் உள்ளே வருவதைத் தடுக்கும் அந்த விதிகூட அவரைத் திருடராக நடத்தவில்லை. (1870ல் சென்னை ஹைக்கோர்ட்டு இவ்வுரிமையை அம்மாகாணத்தின் சட்டமாக ஏற்க மறுத்துவிட்டது, அது வேறு கதை.)

ஆனால் தங்கையின் பக்கத்தையும் பார்க்க வேண்டும். தரப்பு ஒன்று கூடினால் வாய்தாவும் வக்கீல் செலவும் கூடும். மூத்தவர் இன்னும் நாலு பேருக்கு விற்று, நாலு பேரும் மனுப் போட்டால் அவர் எந்தக் காலத்தில் 7 சென்டைக் கண்ணால் பார்ப்பார்? மேலும் ரோட்டோரம் முழுதும் நண்பருக்குப் போனால் தங்கைக்குக் கொல்லைப்புறம்தான் மிச்சம். அந்த 7 சென்டுக்கு என்ன விலை கிடைக்கும்? "பணத்தை விற்றவரிடம் கேட்கட்டும்" என்று அவர் சொல்வதைப் பேராசை என்று தள்ள நமக்கு வாய் வரவில்லை.

இந்த நாட்டில் வாங்கியிருந்தால் நிலாபீஸில் பதிவேட்டைப் பார்த்தே பாதி தெரிந்திருக்கும். 1965ஆம் ஆண்டு தேசிய நிலச் சட்டத்தின்படி, தங்கை தனியார் கேவியட் போட்டு வைத்திருந்தால் ஆறு வருஷம் வரை மாற்றுப் பதிவு ஓடாது. தமிழ்நாட்டிலோ வழக்கு நடப்பதை வில்லங்கச் சான்று காட்டிவிடும் என்று நம்பியிருக்க முடியாது. கோர்ட்டில் தேடிப் பார்க்க வேண்டும்; ஊரில் நாலு பேரைக் கேட்க வேண்டும்.

பாகம் பிரிக்கும்போது பாதிக்கப்படுகிறவரைக் கேளாமல் விட்டால் என்ன ஆகும் என்பதைத் தோட்டப்புறம் கண்டிருக்கிறது. 1950களில் மலாயாவில் பெருந்தோட்டங்கள் விற்கப்பட்டுத் துண்டு துண்டானபோது லயத்திலிருந்தவர்களை யார் கேட்டார்கள்? அந்தக் கலக்கத்தில்தான் 1960ல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது.

ஆகவே நண்பரைச் சேர்க்க வேண்டும் என்றே சொல்லுகிறோம். ஆனால் விற்றவருக்கு இருந்தது 14 சென்டு. நண்பர் கோர்ட்டில் நின்று கேட்கக்கூடியதும் அந்த 14தான். அதை ரோட்டோரமாகக் கேட்கட்டும். மற்றவர்களுக்குக் குறையாமல் முடியுமானால் கோர்ட்டு கொடுக்கட்டும். மீதி 6 சென்டின் பணத்துக்கு அவர் மூத்தவரின் சட்டையைப் பிடிக்க வேண்டுமேயொழிய, தங்கையின் முந்தானையை அல்ல.

இதைச் சொன்னதும் நண்பர் இரண்டு நாள் நம் கடைப்பக்கம் வரவில்லை. மூன்றாம் நாள் வந்து காகிதம் கேட்டார். 14க்கு மேல் கேட்பதில்லை, ரோட்டுப் பக்கம் உங்களுக்கும் ஒரு வழி விட்டே பிரிக்கச் சொல்லுகிறேன் என்று அந்த அம்மாளுக்குக் கடிதம் எழுதினார். ஊருக்குப் பயணம் போனவர் கையில் கொடுத்தனுப்பியிருக்கிறோம். பதில் இன்னும் வரவில்லை.